தாயை இழந்த சிறுமலர்

(பங்கு ஜூபிலியையொட்டி நடந்த பெற்றோர் கூட்டத்தில் பங்குக்குரு ஆற்றிய உரை)



ரோஜா மலர்களும் பாடுபட்ட சுரூபமும் ஏந்தி நிற்கும் சிறுமலர் தெரேசம்மாளை நாம் எல்லோரும் அறிவோம். புன்முறுவல் தவழும் அந்த முகத்துக்குரியவர், ஏறத்தாழப் பத்து ஆண்டுகள் எதற்கெடுத்தாலும் கண் கலங்கும் பிள்ளையாக இருந்தார் என்பதை எத்தனை பேர் அறிவோம்?

1873 ஜனவரி 2-ம் நாள் பிரான்சு நாட்டு அலென்சோன் நகரில் அவர் பிறந்தார். பலவீனமான குழந்தையானதால், கிராமத்துச் செவிலித்தாயிடம் ஓராண்டுக்கு மேல் வளர்ந்தார். 1877 ஆகஸ்டு 28-ல் தாய் செலி மார்புப் புற்றுநோயால் இறந்தபோது சிறுமிக்கு நாலரை வயது. வீட்டார் அவரவர் துயரத்தில் ஆழ்ந்திருக்க, நடைவழியில் இருந்த சவப்பெட்டியை அவர் தனியே நின்று அண்ணாந்து பார்த்தார். அதிகம் அழவில்லை, யாரிடமும் பேசவுமில்லை. இதைப் பிற்காலத்தில் அவரே எழுதியிருக்கிறார்.

கலகலப்பான பிள்ளை தொட்டாற்சுருங்கியானது அதன் பின்னர்தான். தாயாக வரித்துக்கொண்ட அக்காள் பவுலீனும் 1882 அக்டோபரில் கார்மேல் மடம் புகுந்தார். அடுத்த ஆண்டே தெரேசாவுக்குக் கொடிய நோய் கண்டது. மே 13-ல் மாதாவின் புன்னகை கண்டு குணமான புதுமையை விரும்பிச் சொல்கிறோம். முந்திய பிரிவுகளைச் சொல்ல மறந்துவிடுகிறோம். கண்ணீர்க் குணம் நீங்க 1886 கிறிஸ்துமஸ் இரவு வரை ஆயிற்று.

நாமும் இதில் தவறியிருக்கிறோம். உதவிக்குருவாக இருந்த ஊரில், தாயை இழந்த ஆறு வயதுச் சிறுவனைத் தட்டிக்கொடுத்து, "அழாதே ராசா, அம்மா மோட்சத்திலே இருக்காங்க" என்றோம். சட்டென நிறுத்திவிட்டான். நல்ல பிள்ளை என்று மெச்சினோம்!

இருபது ஆண்டுகள் கழித்து, திருமணமான புதிதில் நம்மைத் தேடி வந்தார். "சாமி, அன்னைக்கு அப்புறம் எனக்கு அழுகையே வரல்லே. இப்ப இவ தாய் வீட்டுக்குப் போனாக்கூட, திரும்பி வருவாளான்னு நெஞ்சை அடைக்குது. கோபமாப் பேசிடறேன்" என்றார்.

அரபு நாடுகளுக்குச் செல்லும் தகப்பன்மாரே, பிள்ளை தூங்கும்போது நழுவிப் போகாதீர்கள். போவதையும் வருவதையும் அதனிடமே சொல்லுங்கள். அழுதால் அழட்டும்.

அன்று அவருக்கு நம்மிடம் பதில் இல்லை. குருமனைத் திண்ணையில் பக்கத்தில் உட்கார்ந்தோம். தாயாரின் பெயரைக் கேட்டோம். சொல்லத் தொடங்கியவர் அழுதார். இம்முறை நாம் தடுக்கவில்லை.