மதில் நிஜம், சாவு நடிப்பு



பகலெல்லாம் வங்கியில் அடுத்தவன் காசை எண்ணுகிறவன் நான்; ராத்திரியில் கவிதை. சினிமா பற்றிப் பேச உனக்கென்ன தகுதின்னு கேக்கலாம். நம்ம ஜில்லாக்காரனுக்குத் தூக்குமரமே சினிமா வழியாத்தான் தெரியும். 1799 அக்டோபர் 16-ல் கயத்தாறில் கட்டபொம்மனைத் தூக்கிலிட்டார்கள். நம் மனசில் நிற்பதோ 1959-ல் வந்த படத்தின் சிவாஜி. வசனம் பேசிச் சாகிற கட்டபொம்மன்.

பேசவே விடாமல் ஒருத்தனைச் சாகடித்த படமும் உண்டு. 1901-ல் அமெரிக்க ஜனாதிபதி மெக்கின்லியைச் சுட்டுக் கொன்றவன் லியோன் சோல்கோஷ். கம்பி ஆலையில் வேலை பார்த்தவன், அரசே வேண்டாம் என்றவன். அக்டோபர் 29-ல் ஆபர்ன் சிறையில் மின்நாற்காலியில் அவனைக் கொன்றார்கள். உள்ளே படம்பிடிக்க எடிசன் கம்பெனிக்கு அனுமதி இல்லை. எட்வின் போர்ட்டர் என்ன செய்தார்? சிறை மதிலை வெளியே நின்று நிஜமாகவே எடுத்தார். சாவை நடிக்க வைத்து அதோடு ஒட்டினார்.

கூட்டி வருகிறார்கள், நாற்காலியில் கட்டுகிறார்கள், மின்சாரம் பாய்கிறது, உடம்பு விறைக்கிறது, டாக்டர் சோதிக்கிறார். அவ்வளவுதான். உழைக்கிற ஜனங்களுக்கு எதிரி என்பதால் சுட்டேன் என்று அவன் கடைசியில் சொன்னது படத்தில் இல்லை. ஊமைப்படம்தானேம்பீங்க. ஆனால் கேமரா நிற்பது அரசு அழைத்த சாட்சிகளின் இடத்தில். அங்கிருந்து பார்த்தால் கொல்வது ஒரு உத்தியோகம். சாவது வெறும் உடம்பு. மதில் நிஜம் என்பதால் மிச்சத்தையும் நம்பிவிடுகிறோம்.

இதை ஏன் நெல்லையில் சொல்லுதேன்? 1999 ஜூலை 23. மாஞ்சோலைத் தொழிலாளரின் கூலிக்காகவும், சிறையில் கிடந்தவர்களின் விடுதலைக்காகவும் கலெக்டர் ஆபீசுக்கு மனு கொடுக்கப் போன ஊர்வலம். தடியடிக்குத் தப்பி ஜனம் தாமிரபரணியில் இறங்கியது, அங்கேயும் அடி. 17 பேர் செத்தார்கள், ஒரு கைக்குழந்தை உட்பட. தீர்ப்பில்லாமல் நிறைவேறிய மரண தண்டனை அது. பெரும்பாலோர் மூழ்கிச் செத்ததாக நீதிபதி மோகன் கமிஷன் சொன்னது. ஆறு நிஜம்தான், போர்ட்டரின் மதில் மாதிரி. ஆற்றைக் காட்டித் தடியை மறைக்கிறார்கள். பற்றை மட்டும் எழுதி வரவை விட்ட பேரேட்டை எங்க ஆபீசில்கூட ஒத்துக்கிட மாட்டாங்க.

ஆர்.ஆர். சீனிவாசனின் 'நதியின் மரணம்' ஆவணப்படத்தில் அந்தத் தடி தெரிகிறது. கேமரா இடம் மாறி நின்றதால் தெரிகிறது.

சாவுக் காட்சியைப் பார்க்கையில் நடிப்பு நல்லாருக்கான்னு மட்டும் கேக்காதீங்க. கேமரா யார் பக்கம் நிக்கி, யாரைப் பேச விடலை, அதைக் கேளுங்க.