ஐந்து ரூபாய் நோட்டு

(மும்பையில் நம் சங்கத்தின் மாதக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



சென்ற வாரம் நான்கு இரவுகள் ஒன்றாக உட்கார்ந்து 'தமஸ்' தொடரைப் பார்த்தோம். பார்த்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டு கலைந்தால் போதாது. அது கேட்கும் கேள்விக்கு நாம் பதில் சொல்ல வேண்டும்.

ராவல்பிண்டியில் பிறந்து, பிரிவினையின் கொடுமையைக் கண்ட பீஷ்ம சாஹ்னியின் நாவல் அது. கோவிந்த் நிஹலானி இயக்கி, 1988 ஜனவரியில் தூர்தர்ஷனில் வந்தது. பழைய புண்ணைக் கிளறுகிறது என்று தடை கேட்டு வழக்குப் போட்டார்கள். பம்பாய் உயர் நீதிமன்ற நீதிபதிகள் இருவர் தொடரைப் பார்த்துவிட்டுத் தடையை நீக்கினார்கள். உச்ச நீதிமன்றமும் தடை விதிக்க மறுத்தது.

கதை என்ன? தோல் உரிக்கும் தொழிலாளி நத்து. கால்நடை டாக்டருக்கு வேண்டும் என்று சொல்லி அவனை ஒரு பன்றியைக் கொல்ல வைக்கிறான் ஒருவன். கூலி ஐந்து ரூபாய். மறுநாள் பன்றி மசூதிப் படிக்கட்டில் கிடக்கிறது. ஊர் பற்றி எரிகிறது. எல்லாம் முடிந்து, நாவலின் கடைசியில் அமைதி பஸ் கிளம்புகிறது. அதில் ஒற்றுமைக் கோஷம் போடுகிறவன் யார்? ஐந்து ரூபாய் கொடுத்த அதே ஆள்தான்!

பழைய பகை எந்த ஊரில் இல்லை? அது தானாக எரிவதில்லை. கொளுத்த ஒருவன் வேண்டும். அவன் கை சுடுவதில்லை. எரிவது நத்துவின் குடிசை.

இது நமக்குப் புதிதா? அறுபதுகளின் கடைசியில் இதே நகரில் 'மதராசி' என்று சொல்லி நம் முன்னோரின் கடைகளை அடித்தார்கள். 1992-93இல் மதத்தின் பெயரால் தாராவியிலும் ரத்தம் சிந்தியது.

அடிபட்ட நாம் என்ன செய்கிறோம்? ஊரில் விட்டுவர வேண்டிய சாதிச் சண்டையை டிரங்குப் பெட்டியில் வைத்துக் கொண்டுவந்திருக்கிறோம். கொடை விழாவில் முதல் மரியாதை யாருக்கு என்று நம் சாலிலேயே இரண்டு மாதமாக அடுத்த வீட்டுக்காரரோடு பேச்சில்லை. பேனரைக் கிழித்தது அவர்கள்தான் என்று செல்போனில் செய்தி வந்தது. யார் அனுப்பியது என்று நம்மில் ஒருவராவது கேட்டோமா?

ராஜோவை நினைத்துப் பாருங்கள். தன் வீட்டு ஆண்களே கொள்ளையடித்த கடைக்காரக் கிழவனுக்கும் அவன் மனைவிக்கும் அடைக்கலம் கொடுத்தாள் அந்த முஸ்லிம் தாய். அவள் எந்தத் தலைவரையும் கேட்கவில்லை.

வருகிற ஞாயிற்றுக்கிழமை இரு தரப்பும் இதே இடத்தில் ஒரே பாயில் உட்கார்ந்து பேசுவோம். செய்தி வந்தால் பரப்புவதற்கு முன் கேட்போம்: ஐந்து ரூபாய் கொடுத்தவன் யார்?