மலைப் பூங்காக்களில் ஒரு குழுப் பயணம்



பள்ளி விடுமுறை நெருங்கினால் பலர் பல நாள் சுற்றுலாவுக்குத் திட்டமிடுவார்கள். அண்மை ஆண்டுகளில் நம்மவரிடையே மலைப் பூங்காக்களுக்குக் குழுவாகச் செல்லும் பழக்கம் வளர்ந்து வருகிறது. வரவேற்கத்தக்க பழக்கந்தான். ஆனால், மலைக்குச் செல்லும் குழுவும் கடற்கரைக்குச் செல்லும் குழுவும் ஒன்றல்ல. அந்த வேறுபாட்டை நான் பட்டுத்தான் அறிந்துகொண்டேன். அதைப் பற்றியே இன்று உங்களோடு பேச விரும்புகிறேன்.

நாங்கள் எட்டுப் பேர் சென்ற பயணம் அது. சபாவிலுள்ள கினபாலு பூங்காவும், சரவாக்கிலுள்ள குனோங் மூலு தேசியப் பூங்காவும் சேர்ந்த ஒன்பது நாள் ஏற்பாடு. இவ்விரு பூங்காக்களும் 2000ஆம் ஆண்டில் உலக மரபுடைமைத் தலங்களாக ஏற்கப்பட்டவை. நம் நாட்டில் அந்தப் பெருமையை முதன்முதலாகப் பெற்றவை இவையே.

முதலில் கினபாலு. கடல் மட்டத்திலிருந்து 4,095 மீட்டர் உயரம். பல இலட்சம் ஆண்டுகளுக்கு முன் பூமிக்கடியில் உறைந்த கருங்கற்பாறை, மேலிருந்த மண்ணும் கல்லும் அரிக்கப்பட்டுப் போக, மெல்ல மெல்ல உயர்ந்து நிற்கும் மலை இது. சிங்கப்பூர்த் தாவரவியல் பூங்காவில் முன்பு பணியாற்றிய கார்னர் என்ற அறிஞர் 1961ஆம் ஆண்டிலும் 1964ஆம் ஆண்டிலும் இங்கு ஆய்வுக் குழுக்களை அழைத்து வந்தார். 1964ஆம் ஆண்டிலேயே இம்மலை பூங்காவாக அறிவிக்கப்பட்டது. அடிவாரக் காட்டில் கருவாலி மரங்கள், அதற்கு மேல் பாசி படர்ந்த குட்டை மரங்கள், அதற்கும் மேல் வெறும் பாறை என, ஒரே நாள் நடையில் பல நாடுகளைக் கடந்து வந்தது போன்ற உணர்வு ஏற்படும். குடுவை போன்ற இலைகளில் பூச்சிகளைப் பிடித்துச் செரிக்கும் செடிகளும் இங்கு உண்டு.

இம்மலையில் எவரும் தம் விருப்பம்போல் ஏறிவிட முடியாது. அனுமதி பெற வேண்டும். பெயர் எழுதிய அட்டையைக் கழுத்தில் அணிய வேண்டும். வழிகாட்டி உடன் வர வேண்டும். வழிகாட்டிகளை அங்கு 'மலிம் குனோங்' என்கிறார்கள். பெரும்பாலோர் மலையடிவாரத்தில் பிறந்து வளர்ந்த டுசுன் இன மக்கள். எங்கள் எட்டுப் பேருக்கும் இரண்டு மலிம்கள். முன்னே சென்ற நால்வருக்கு ஒருவர். பின்னே வந்த நால்வருக்கு ஒருவர். பின்னே வந்த நால்வர் நானும், என் தம்பியும், ஈப்போவைச் சேர்ந்த அக்காள் தங்கை இருவரும். அவர்கள் பள்ளி ஆசிரியைகள். இப்பயணத்திற்காக ஓராண்டு பணம் சேர்த்தவர்கள்.

தலைமையகத்தில் ஓர் இரவு தங்கினோம். மறுநாள் காலை, 1,866 மீட்டர் உயரத்திலுள்ள திம்போஹோன் வாயிலிலிருந்து நடை தொடங்கியது. அன்றைய தூரம் 6 கிலோமீட்டர். சொல்லும்போது குறைவாகத்தான் தோன்றும். ஆனால் அத்தனையும் படி. கல் படி, மரப் படி, வேர்ப் படி. பிற்பகலில், ஏறத்தாழ 3,270 மீட்டர் உயரத்தில், பானலாபான் என்னுமிடத்திலுள்ள தங்குமிடத்தை அடைந்தோம்.

என் தம்பிக்கு அப்போது வயது இருபத்தாறு. காற்பந்து ஆடுபவன். வழி முழுவதும் ஆசிரியைகளின் பைகளையும் வாங்கிச் சுமந்து வந்தவன். அவன் அன்று மாலை உணவைத் தொடவில்லை. "பசியில்லை" என்றான். எட்டு மணிக்குத் தலை வலிக்கிறது என்றான். நள்ளிரவுக்குச் சற்று முன் எழுந்து சென்று வாந்தி எடுத்தான். நான் விழித்துக் கொண்டேன். அவன் என் கையைப் பிடித்து, "அண்ணே, யாருகிட்டயும் சொல்லாதீங்க. சொன்னா என்னை மேலே விடமாட்டாங்க" என்றான்.

நான் சொல்லவில்லை.

நேயர்களே, இங்குச் சற்று நின்று அறிவியலைப் பார்ப்போம். மேலே செல்லச் செல்லக் காற்றின் அழுத்தம் குறைகிறது. 4,000 மீட்டர் உயரத்தில் ஒரு மூச்சில் நமக்குக் கிடைக்கும் உயிர்வளி, கடற்கரையில் கிடைப்பதில் ஏறத்தாழ ஐந்தில் மூன்று பங்குதான். உடல் இதற்குப் பழக நாட்கள் வேண்டும். நாமோ ஒன்றிரண்டு நாட்களில் ஏறி விடுகிறோம். தலைவலி, பசியின்மை, குமட்டல், உறக்கமின்மை ஆகியவை உடல் தரும் முதல் எச்சரிக்கைகள். அவற்றைப் பொருட்படுத்தாமல் மேலே சென்றால், தள்ளாட்டம், குழப்பம், சும்மா இருக்கும்போதே மூச்சு முட்டுதல் எனப் பெருந்தொல்லைகள் வரக்கூடும். இது உயிருக்கே ஆபத்தாக முடியும். உடல் வலிமைக்கும் இதற்கும் தொடர்பில்லை. மெலிந்த மூதாட்டிக்கு வராமல், பந்தாடும் இளைஞனுக்கு வரலாம். நம்பகமான முதல் மருந்து ஒன்றே: கீழே இறங்குவது.

அதிகாலை இரண்டரை மணிக்கு, தலையில் விளக்கைக் கட்டிக்கொண்டு புறப்பட்டோம். உறைய வைக்கும் குளிர். மரங்கள் முடிந்து பாறை தொடங்கியது. பாறையில் பதித்திருந்த வெள்ளைக் கயிற்றைப் பிடித்துக்கொண்டு ஏற வேண்டும். சாயாட்-சாயாட் என்னும் சோதனைச் சாவடி 3,668 மீட்டரில் உள்ளது. அங்கே பெயர் அட்டையைப் பதிந்துகொள்வார்கள். குறித்த நேரத்திற்குள் அதைக் கடக்காதவர்கள் சிகரத்திற்குச் செல்ல முடியாது. அந்தச் சாவடிக்குக் கீழே, கயிற்றுப் பகுதியில், தம்பியின் கால் இருமுறை இடறியது. இரண்டாம் முறை மலிம் அவன் இடுப்பைப் பற்றிக்கொண்டார். விளக்கை அவன் முகத்தில் அடித்துப் பார்த்தார். பிறகு என் பக்கம் திரும்பி, ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

"சுடா மாக்கான்?"

சாப்பிட்டானா என்று கேட்டார். அவ்வளவுதான். அந்தக் கேள்விக்குப் பொய் சொல்ல எனக்கு வாய் வரவில்லை. உணவு, தலைவலி, வாந்தி அனைத்தையும் சொன்னேன். அவர் என்மீது கோபப்படவில்லை. "இறங்குவோம்" என்றார்.

அப்போதுதான் நான் செய்த தவறின் முழு அளவும் எனக்கு விளங்கியது. வழிகாட்டி இல்லாமல் எவரும் மேலே செல்லக் கூடாது. முன்னே சென்ற குழுவோ சாவடியைக் கடந்து போய்விட்டது. எனவே அந்த ஆசிரியைகள் இருவரும் எங்களோடு இறங்க வேண்டியதாயிற்று. அவர்களுக்குத் தலைவலி இல்லை, களைப்பு இல்லை, குறையொன்றும் இல்லை. நள்ளிரவிலேயே நான் வாய் திறந்திருந்தால், நாங்கள் இருவரும் தங்குமிடத்திலேயே நின்றிருப்போம். அவர்கள் மலிமுடன் சிகரம் கண்டிருப்பார்கள். நான் காத்த மௌனத்திற்கு அவர்கள் விலை கொடுத்தார்கள். அது மட்டுமன்று. நோயாளி ஒருவனை இருட்டில், வழுக்குப் பாறையில், கயிற்றைப் பிடித்தபடி இறக்கும் ஆபத்தையும் அந்த மலிமின் தோளில் ஏற்றிவிட்டேன்.

அந்த மனிதர்களின் தோள் எத்தகையது என்பதை நாடு அறியும். 2015ஆம் ஆண்டு ஜூன் 5ஆம் நாள் காலை, 6 என்ற அளவில் பதிவான நிலநடுக்கம் இம்மலையை உலுக்கியது. பாறைகள் உருண்டன. 18 பேர் உயிரிழந்தனர். சிங்கப்பூரிலிருந்து வந்திருந்த பள்ளிச் சிறார்களும், அவர்களைக் காக்க நின்ற வழிகாட்டிகளும் அவர்களுள் அடங்குவர். பாதை சிதைந்து, நூற்றுக்கும் மேற்பட்டோர் மேலே சிக்கிக்கொண்டனர். மழையிலும் குளிரிலும் அவர்களைக் கீழே கொண்டுவந்து சேர்த்ததில் மலிம்களுக்குப் பெரும்பங்கு உண்டு. அப்படிப்பட்டவரிடமா ஒரு தலைவலியை நாங்கள் மறைத்தோம் என்று பின்னர் வெட்கப்பட்டேன்.

தம்பிக்கு என்னவாயிற்று என்று கேட்பீர்கள். தங்குமிடத்தில் விடியும்வரை இருத்திவிட்டு, மேலும் கீழே அழைத்துச் சென்றார் மலிம். பாதி வழியிலேயே தலைவலி தணிந்தது. திம்போஹோன் வாயிலை நெருங்கியபோது "அண்ணே, பசிக்குது" என்றான். அந்தச் சொல்லைப் போல் இனிமையான சொல்லை நான் அதுவரை கேட்டதில்லை. அன்றிரவு நாங்கள் இருவரும் ஆசிரியைகளிடம் சென்று மன்னிப்புக் கேட்டோம். மூத்தவர் சிறிது நேரம் பேசாமல் இருந்தார். பிறகு, "தம்பி பிழைச்சாரே, அது போதும். ஆனா அடுத்த இடத்துல வாயைத் திறந்து சொல்லிடுங்க" என்றார்.

அடுத்த இடம் மூலு. மீரியிலிருந்து சிறு விமானத்தில் சென்றோம். சாலை வழி அங்கு இல்லை. வானம் அல்லது ஆறு. 1974ஆம் ஆண்டில் அறிவிக்கப்பட்ட இப்பூங்கா, குகைகளுக்குப் புகழ்பெற்றது. முதல் நாள் மாலை மான் குகையின் வாயிலில் அமர்ந்திருந்தோம். இலட்சக்கணக்கான வௌவால்கள், கரும்புகைச் சுருள் போல் வளைந்து நெளிந்து, இரை தேடி வெளியேறின. மழை பெய்தால் அவை வருவதில்லை. அன்று வானம் தெளிவாக இருந்தது எங்கள் நல்லகாலம்.

மறுநாள் மெலினாவ் ஆற்றில் நீண்ட படகில் ஏறிச் சென்று, பின் ஏறத்தாழ 9 கிலோமீட்டர் காட்டு வழியில் நடந்து, ஐந்தாம் முகாமை அடைந்தோம். அங்கிருந்துதான் குனோங் அப்பி மலைச்சரிவிலுள்ள ஊசிப்பாறைகளைக் காண ஏற வேண்டும். சுண்ணாம்புக் கல்லை மழைநீர் கரைத்துக் கரைத்துச் செதுக்கிய கூர்முனைகள் அவை. சில 45 மீட்டர் வரை உயர்ந்து நிற்கின்றன. தூரம் 2.4 கிலோமீட்டர்தான், ஆனால் அதற்குள் ஏறத்தாழ 1,200 மீட்டர் உயர வேண்டும். இறுதிப் பகுதியில் ஏணிகளும் கயிறுகளும். குறித்த நேரத்திற்குள் ஏணியடிக்கு வராதவரை வழிகாட்டி திருப்பி அனுப்பிவிடுவார். ஏறுவதைவிட இறங்குவதற்கே அதிக நேரம் பிடிக்கும் மலை அது.

அன்றிரவு வழிகாட்டி எல்லாரையும் உட்கார வைத்து, யாருக்கேனும் ஏதேனும் தொல்லை உண்டா என்று கேட்டார். கினபாலுவில் இறங்கியதில் என் வலது முழங்கால் வீங்கியிருந்தது. கட்டுப் போட்டுக் காற்சட்டைக்குள் மறைத்திருந்தேன். சிகரம்தான் போயிற்று, ஊசிப்பாறையாவது பார்த்துவிட வேண்டும் என்று மனம் அடித்துக்கொண்டது. தம்பி என்னைப் பார்த்தான். ஒன்றும் சொல்லவில்லை. நான் கையை உயர்த்தி, "என் முழங்கால் சரியில்லை. நான் வரவில்லை" என்றேன்.

மறுநாள் விடிவதற்குள் அவர்கள் புறப்பட்டார்கள். நான் முகாமில், ஆற்றங்கரையில் அமர்ந்திருந்தேன். பிற்பகலில் ஒவ்வொருவராக வந்து சேர்ந்தார்கள். கையெல்லாம் கீறல், முகமெல்லாம் மகிழ்ச்சி. அவர்களுக்காக நான் தேநீர் கொதிக்க வைத்திருந்தேன். இளைய ஆசிரியை இரண்டு குவளை குடித்துவிட்டு, பச்சைக் காட்டின் நடுவே வெள்ளைக் கத்திகளை நட்டு வைத்ததுபோல் இருந்தது என்று வருணித்தார். அவர்கள் கண்ணால்தான் நான் ஊசிப்பாறைகளைக் கண்டேன். அதில் எனக்குக் குறை தோன்றவில்லை.

நேயர்களே, இத்தகைய பயணத்திற்குப் புறப்படுவோர் சிலவற்றைக் கருத்தில் கொள்ளுங்கள். இரண்டு மூன்று மாதங்களுக்கு முன்பே படியேறிப் பழகுங்கள். இதய நோய், ஆஸ்துமா போன்றவை உடையோர் மருத்துவரின் யோசனையைக் கேளுங்கள். ஏற்பாட்டாளரிடம், எத்தனை பேருக்கு ஒரு வழிகாட்டி, ஒருவர் திரும்ப நேர்ந்தால் மற்றவர் நிலை என்ன, நடுவே ஓய்வு நாள் உண்டா என்று பணம் கட்டுமுன் கேளுங்கள். மழைச்சட்டை, கம்பளிச் சட்டை, கையுறை, தலைவிளக்கு, நல்ல பிடிமானமுள்ள காலணி ஆகியவை வேண்டும். மற்றதைக் குறைத்துக்கொள்ளுங்கள். எல்லாவற்றுக்கும் மேலாக, புறப்படும் முன்னரே குழுவாக அமர்ந்து, உடல்நிலையை ஒருவரும் மறைப்பதில்லை என்று பேசி வைத்துக்கொள்ளுங்கள்.

ஒரு செய்தியோடு முடிக்கிறேன். கினபாலுவின் மிக உயர்ந்த முனைக்கு 'லோவின் சிகரம்' என்று பெயர். 1851ஆம் ஆண்டில் இம்மலையில் ஏறிய ஹியூ லோ என்பவரின் பெயர் அது. ஆனால், அவர் உச்சிப் பாறைப்பரப்பு வரை சென்றாரே தவிர, அந்த முனையில் கால் வைக்கவில்லை. 1888ஆம் ஆண்டில்தான் ஜான் வைட்ஹெட் என்பவர் அதைத் தொட்டார். சிகரத்தைத் தொடாமல் திரும்பியவரின் பெயரைத்தான் சிகரம் இன்றும் தாங்கி நிற்கிறது.

எட்டுப் பேராகச் சென்றோம். எட்டுப் பேராகத் திரும்பினோம். மலைக்குச் செல்லும் ஒரு குழு பெறக்கூடிய பேறு அதுவே.