ஒரு பாட்டின் விளிச்சொல்



அன்றைய கீழத்தஞ்சையில், இன்றைய நாகப்பட்டினம் மாவட்டத்தில் உள்ள சிற்றூர் கீழ்வெண்மணி. 1968 டிசம்பர் 25 இரவில், அங்கே ஒரு குடிசைக்குள் அடைக்கலம் புகுந்த 44 பேர் தீக்கு இரையாயினர். பெரும்பாலோர் பெண்களும் குழந்தைகளும். கூலியாக அளக்கும் நெல்லைச் சற்றே உயர்த்திக் கேட்டதும், செங்கொடிச் சங்கத்தை விட்டு விலக மறுத்ததுமே அவ்வூர் உழவுத் தொழிலாளர் செய்த குற்றம். வழக்கு உயர்நீதிமன்றம் சென்றது. காரும் பெருநிலமும் உடைய மிராசுதாரர்கள் தாமே நேரில் நடந்து சென்று தீ வைத்திருப்பார்கள் என்பது நம்பத்தக்கதன்று என அங்கே கருதப்பட்டது. குற்றம் சாட்டப்பட்ட நிலவுடைமையாளர்கள் விடுதலையாயினர்.

அந்நெருப்பு ஓர் இளங்கவிஞரின் உள்ளத்தில் பற்றியது. கீழக்கரையில் 1944-இல் பிறந்த சாகுல் அமீது என்னும் இன்குலாப், சென்னைப் புதுக்கல்லூரியில் தமிழ் பயிற்றியவர். செந்தமிழின் வளம் முழுதும் அறிந்தவர். ஆயினும் வெண்மணியின் நினைவில் அவர் எழுதிய பாட்டுக்கு ‘மனுசங்கடா’ என்பதே முதற்சொல்லாயிற்று.

அச்சொல்லைப் பிரித்துப் பார்த்தல் தகும். ‘மனிதர்கள்’ என்று எழுதியிருந்தாலும் பொருள் மாறியிராது; உயிர் போயிருக்கும். ‘மனுசன்’ என்பது வயற்காட்டின் சொல். ‘டா’ என்பதோ பண்ணை வீட்டுச் சிறுவனும் நரைத்த தலைப் பண்ணையாளை விளித்த சொல். தலைமுறை தலைமுறையாக மேலிருந்து கீழே வீசப்பட்ட அவ்விளியைக் கவிஞர் எடுத்து, வந்த திசைக்கே திருப்பினார். ஆதலால் அது இரக்கம் வேண்டும் ஒப்பாரியாக நிற்கவில்லை. எதிரே நிற்பவனுக்கு விடுத்த அறிவிப்பாயிற்று. கே. ஏ. குணசேகரனின் குரலில் அது மேடைதோறும் ஒலித்தது.

கடல் கடந்த சான்றொன்றும் உண்டு. 1993 மார்ச்சில் இங்கிலாந்தின் வாரிங்டன் நகரில் ஐரியக் குடியரசுப் படை வைத்த குண்டுகள் இரு சிறுவரின் உயிரைக் குடித்தன. தன் நாட்டின் பெயரால் நிகழ்ந்த அக்கொலையை அயர்லாந்துப் பாடகி டோலரஸ் ஓ’ரியார்டன் பொறுக்கவில்லை. அவர் எழுதி, கிரான்பெர்ரீஸ் குழு 1994-இல் வெளியிட்ட ‘சோம்பி’ என்னும் பாட்டில் அவர் குரல் குழையவில்லை, உடைந்து சீறியது. இவர் தம்மவரைக் கடிந்தார். இன்குலாப் ஒடுக்கியவனை எதிர்த்தார். நோக்கு வேறாயினும் இருவரும் இனிமையைத் துறந்தனர். துறந்ததனாலேயே உண்மையை எய்தினர்.

இன்குலாப், குணசேகரன் இருவரும் 2016-ஆம் ஆண்டில் மறைந்தனர். பாட்டு இன்றும் கூட்டங்களில் ஒலிக்கிறது. கவியரங்கிற்கு வரும் இளையவர் ஒருவரின் வரியைக் கொச்சை என்று திருத்த முனையும் கை, ஒரு கணம் தயங்குதல் நன்று. செம்மையான சட்டமொழியும் அதே 44 பேரைப் பற்றிப் பேசிற்று. கொச்சையான பாட்டும் பேசிற்று. அவர்களை மனிதர் என்று சொன்னது எது என்பதை அவையோர் அறிவர்.