திரைக்கு முன்னும் பின்னும்: தோழர் எம்.பி.சீனிவாசன்

(திருப்பதியில் கட்சி உறுப்பினர்களுக்கான பண்பாட்டு வகுப்பில் ஆற்றப்பட்ட உரையின் சுருக்கம்)



சித்தூர் என்றதும் திரையுலகில் நினைவுக்கு வருபவர், ஊரின் பெயரையே தம் பெயரில் சுமந்த சித்தூர் வி.நாகையா. அதே சித்தூரில் 1925ஆம் ஆண்டு பிறந்த இசையமைப்பாளர் எம்.பி.சீனிவாசனை நம் இளந்தோழர்கள் பலர் அறியார். அவர் கம்யூனிஸ்ட். அவரைப் பற்றியே இன்று பேச விழைகிறேன்.

1960இல் வெளிவந்த ‘பாதை தெரியுது பார்’ தொழிலாளர் வாழ்வைக் கருவாகக் கொண்ட படம். வங்கத்திலிருந்து வந்த நிமாய் கோஷ் இயக்கினார். பட்டுக்கோட்டை கல்யாணசுந்தரம், கே.சி.எஸ்.அருணாசலம், ஜெயகாந்தன் ஆகியோர் எழுதிய பாடல்களுக்கு எம்.பி.எஸ். இசையமைத்தார். பின்னர் அவரது திரையிசைப் பணி மலையாளத்திலேயே மிகுதியாக அமைந்தது.

1977இல் ஜான் ஆபிரகாம் இயக்கிய ‘அக்ரகாரத்தில் கழுதை’ படத்தில் அவரைத் திரையிலேயே காண்கிறோம். தாயிழந்த கழுதைக் குட்டியை வளர்த்து, ஊராரின் வெறுப்புக்கு ஆளாகும் பேராசிரியர் நாராயணசாமியாக நடித்தவர் அவரே. அப்படத்தின் இசையும் அவருடையதே. சாதி ஆணவத்தின் மீது விழுந்த அடி அது. தூர்தர்ஷனில் ஒளிபரப்பாகவிருந்த அப்படம் எதிர்ப்பின் காரணமாக நிறுத்தப்பட்டது.

துருக்கியின் யில்மாஸ் குணேயும் இத்தகையவரே. நடிகராகப் புகழ்பெற்று, இயக்குநரானவர். அவர் சிறையிலிருந்து எழுதிய ‘யோல்’ படத்தை ஷெரீஃப் கோரென் படமாக்கினார். 1982இல் கான் விழாவின் உயர் பரிசை அது மற்றொரு படத்துடன் பகிர்ந்துகொண்டது. படைத்தவரைப் பூட்டினாலும், தோழர்களின் கூட்டுழைப்பு படைப்பைக் கொண்டுவந்தது.

அக்கூட்டுழைப்புக்கு அமைப்பு வடிவம் தந்தது எம்.பி.எஸ்.ஸின் தனிச்சிறப்பு. நட்சத்திரத்தின் பெயர் சுவரொட்டியில் இருக்கும். வயலின் வாசித்தவரின் பெயர் எங்கும் இராது. அவருடைய கூலியோ முதலாளியின் மனம்போல் அமையும். தயாரிப்பாளர்களின் எதிர்ப்பையும், சக கலைஞர் சிலரின் எதிர்ப்பையும் மீறி, இசைக் கலைஞர்களுக்குச் சங்கம் கண்டார். தென்னிந்தியத் திரைப்படத் தொழிலாளர் சம்மேளனம் உருவானதில் அவருக்கும் நிமாய் கோஷுக்கும் பெரும்பங்குண்டு. அவர் நிறுவிய சென்னை இளைஞர் சேர்ந்திசைக் குழுவும் அதே கொள்கையின் வெளிப்பாடுதான்: தனிக்குரலுக்கே மேடை தந்த மரபில், பல குரல்கள் சேர்ந்து நிற்கும் இசை.

1988 மார்ச் 9ஆம் நாள் லட்சத்தீவில் அவர் மறைந்தார். திரைத் தொழிலாளருக்கென 1981இல் நிறைவேற்றப்பட்ட வேலை ஒழுங்குமுறைச் சட்டமும் நலநிதிச் சட்டமும், மோடி அரசின் 2020ஆம் ஆண்டுத் தொகுப்புச் சட்டங்களுக்குள் கரைக்கப்பட்டன. எழுத்துவடிவ ஒப்பந்தம் என்பது ஏட்டில் இருந்தால் போதாது. அதைக் கேட்டுப் பெறச் சங்கம் வேண்டும்.

கலைஞர் மக்களுக்காகப் பாடினால் போதும் என்று நாம் நின்றுவிடலாகாது. பாடுபவரும் வாசிப்பவரும் விளக்குப் பிடிப்பவரும் தொழிலாளரே. அவர்களைச் சங்கத்தில் திரட்டுவது பண்பாட்டுப் பணியின் பிரிக்கவொண்ணாப் பகுதி. அதுவே தோழர் எம்.பி.எஸ். நமக்கு விட்டுச்சென்ற கடமை.