வேங்கடத்துப் பாலை

பாலை என்றதும் நம் நினைவு ராஜஸ்தானத்து மணற்குன்றுகளுக்கு ஓடிவிடுகிறது. ஆனால் முல்லையும் குறிஞ்சியும் வெயிலின் கொடுமையால் தம் இயல்பு திரிந்து வறண்டு நிற்கும் நிலையே பாலை என்றுதான் இளங்கோவடிகள் கொண்டார். அகநானூற்றின் 400 பாட்டுக்களில் சரிபாதி, அதாவது 200, பாலைத் திணை; பொருள் தேடப் புறப்பட்ட தலைவன் கடந்துபோகும் மலையாக அவற்றில் பல தடவை வருவது, கள்வர் தலைவனாகிய புல்லியின் வேங்கடம். அதற்கப்பால் பாஷை வேறு என்பதையும் மாமூலனார் முதலிய புலவர்கள் மறவாமல் குறிக்கிறார்கள். தொல்காப்பியப் பாயிரமும் தமிழ்நிலத்தின் வடவெல்லையாக அம்மலையையே சொல்வதால், எல்லையும் பாலையும் நம் இலக்கியத்தில் சேர்ந்தே வழங்கி வந்தன எனலாம்.

அந்த வேங்கடத்துக்குத் தெற்கே இருப்பதுதான் திருவள்ளூர்ப் பிரதேசம். 1953 அக்டோபர் 1-ஆம் தேதி ஆந்திர ராஜ்யம் பிறந்தபோது சித்தூர் ஜில்லாவோடு போய்விட்ட திருத்தணி, ம.பொ.சிவஞானமும் மங்கலங்கிழாரும் முன்னின்று நடத்திய கிளர்ச்சியினாலும், பின்னர் மத்தியஸ்தர் படாஸ்கர் வகுத்த ஏற்பாட்டினாலும், 1960 ஏப்ரல் 1-ஆம் தேதி சென்னை ராஜ்யத்துக்குத் திரும்பிற்று. பதிலுக்குப் பொன்னேரி, திருவள்ளூர் தாலுகாக்களின் வடபுறத்துக் கிராமங்கள் பல சத்தியவேட்டுப் பக்கம் போயின. சர்க்கார் கோடு கிழித்தது வாஸ்தவம். சம்பந்திகள் அதைப் பொருட்படுத்தவில்லை. தெலுங்குக் குடும்பத்தில், 1888-இல், திருத்தணியில் பிறந்த ராதாகிருஷ்ணனை நம்மவர் என்று சொல்லிக்கொள்ள இரு தரப்பாருக்குமே ஆசைதான்.

எல்லையை ஒட்டிய ஆரம்பாக்கத்து டீக்கடையில் சற்று நின்று பாருங்கள். தமிழில் டீ கேட்டவர், பக்கத்துப் பெஞ்சுக்காரரிடம் தெலுங்கில் மழையை விசாரித்து, மீதிச் சில்லறையைத் தமிழிலேயே எண்ணி வாங்கிக்கொண்டு போவார். எது உங்கள் தாய்பாஷை என்று கேட்டால், கேள்வி புரியாதவர்போல விழிப்பார். எல்லையோரத்தின் பண்பாடு இதுவென்றே நான் கருதுகிறேன். எல்லைக்கல்லில் அதைத் தேடிப் பயனில்லை.

அங்கிருந்து சிறிது தெற்கே, கும்மிடிப்பூண்டி சிப்காட்டில், ஷிப்டு முடிந்து வெளிவரும் இளைஞர்களின் பேச்சிலோ இந்தியும் ஒடியாவும் கேட்கின்றன. பொருள் தேடி வேங்கடத்தைத் தாண்டி வடக்கே போனான் பழைய தலைவன். இவர்கள் அதே நோக்கத்தோடு அதைத் தாண்டித் தெற்கே வந்திருக்கிறார்கள். ஞாயிற்றுக்கிழமை சாயங்காலங்களில், கையில் போனோடு மரத்தடியில் குந்தி, ஊரில் காத்திருப்பவளோடு வெகுநேரம் பேசுகிறார்கள்.