முதியோர்க்கு மனச்சோர்வு மருந்து: அளவும் காவலும்

(தளவாய்புரத்தில் பஞ்சாயத்து அங்கத்தினர்களும் விவசாயிகளும் கூடிய கூட்டத்தில் வட்டார வளர்ச்சி அலுவலர் ஆற்றிய உரை)



கிராம அபிவிருத்தி என்றவுடன் சாலை, குடிநீர், கண்மாய் மராமத்து, தெருவிளக்கு ஆகியவையே நம் நினைவுக்கு வருகின்றன. அவற்றைக் குறித்துப் பேசவே நாம் பெரும்பாலும் உங்கள் முன் வருகிறோம். இன்று எடுத்துக்கொண்ட பொருள் அவற்றினும் வேறானது. நம் ஊர்களில் முதியோர் சிலர் நாள்தோறும் உட்கொள்ளும் ஒரு சிறு மாத்திரையைப் பற்றியது. அது மனச்சோர்வு நோய்க்கான மாத்திரை. முறையாக உட்கொண்டால் வாடிய உயிரைத் தளிர்க்கச் செய்வது. முறை தவறினால் கீழே விழச் செய்து எலும்பை முறிப்பது. ஆதலின், அதனைக் குறித்து ஊரார் அறிந்திருத்தல் இன்றியமையாதது.

நாம் வைத்தியம் பயின்றவர்கள் அல்லோம். இங்குக் கூறுபவை, டாக்டர்கள் பலகாலும் ஆய்ந்து உடன்பட்ட பொது விதிகளே. ஒவ்வொருவர்க்கும் உரிய அளவை அவரைப் பரிசோதிக்கும் டாக்டரே கூறவேண்டும்.

சோர்வு வேறு, முதுமை வேறு

தளவாய்புரத்துத் தெருக்களில் பகல் முழுவதும் தையல் எந்திரங்களின் ஓசை கேட்கிறது. நைட்டி முதலான ஆயத்த ஆடைத் தொழில் பல குடும்பங்களுக்குச் சோறு போடுகிறது. இளையோர் எந்திரத்தின் முன்னும், வயலிலும், ராஜபாளையத்து ஆலைகளிலும் உழைக்கின்றனர். திண்ணையில் தனித்திருப்பவர் முதியவரே. அவர் உண்ண மறுத்தாலும், விடியுமுன் விழித்துக் கண்ணீர் விட்டாலும், “நான் இருந்து யாருக்கு என்ன பயன்?” என்று கூறினாலும், “வயது ஆகிவிட்டது, அப்படித்தான் இருக்கும்” என்று சொல்லிவிட்டு நாம் நம் வேலையைப் பார்க்கப் போய்விடுகிறோம். இது பெரும் பிழை. இத்தகைய குறிகள் இரண்டு வாரத்திற்கு மேலும் நீடித்தால் அது முதுமையன்று, நோய் எனக் கருதி டாக்டரிடம் காட்டுதல் வேண்டும்.

இந்நோய் நகரத்தார்க்கே உரியது என்று எண்ணற்க. வேலூர் மாவட்டத்துக் கணியம்பாடி வட்டாரக் கிராமங்களில், 65 வயதைக் கடந்த 1,000 பேரை வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரியினர் ஆராய்ந்தனர். 2009இல் வெளிவந்த அதன் முடிவு, நூற்றுக்கு 12.7 பேர், அதாவது ஏறக்குறைய எட்டுப் பேரில் ஒருவர், மனச்சோர்வு நோயுற்றிருந்தனர் என்பதாகும். பசியறிந்தோர், வருமானம் குறைந்தோர், சர்க்கரை வியாதியும் இருதய நோயும் உடையோர் ஆகியோரிடம் அந்நோய் மிகுந்திருந்தது. மனம் விட்டுப் பேசத்தக்க துணை உடையோரிடம் குறைந்திருந்தது. இதனை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னர் இதற்கு வருவோம்.

நோய் இலேசாக இருப்பின், பேச்சுத் துணையும் ஆலோசனையும் அன்றாடச் சிறு வேலையும் பல வேளைகளில் போதும். நடுத்தரமாகவோ கடுமையாகவோ இருப்பின் மாத்திரை வேண்டியிருக்கும். தைராய்டு குறைவு, பி-12 வைட்டமின் குறைவு ஆகியவையும் சோர்வைத் தரவல்லவை. ஆகவே டாக்டர் ரத்தப் பரிசோதனை செய்யச் சொன்னால் அதனை வீண் செலவு என்று தட்டிக்கழிக்கலாகாது.

வடிகால் மெதுவான வயல்

இளைஞனுக்குக் கொடுக்கும் அளவையே முதியவருக்கும் கொடுத்தால் என்ன என்று சிலர் கேட்கலாம். விவசாயிகளுக்கு இதனை விளக்குவது எளிது. வடிகால் நன்கு ஓடும் வயலுக்கும், வடிகால் தூர்ந்த வயலுக்கும் ஒரே அளவு நீர் பாய்ச்சினால், முன்னதில் பயிர் செழிக்கும். பின்னதில் நீர் தேங்கி வேர் அழுகும். உடலில் மருந்துக்கு வடிகாலாக அமைந்தவை கல்லீரலும் சிறுநீரகமும். வயது ஏற ஏற அவற்றின் வேகம் குறைகிறது. ஆகவே, அதே மாத்திரை முதியவர் ரத்தத்தில் கூடுதலாகவும் நெடுநேரமும் தங்குகிறது. மூளையும் மருந்தின் வேகத்தை முன்போல் தாங்குவதில்லை.

இக்காரணத்தால் டாக்டர்கள் கைக்கொள்ளும் விதி, “குறைவாகத் தொடங்கு, மெதுவாக உயர்த்து” என்பது. சான்றாக, எஸ்சிட்டலோபிராம் என்னும் மருந்தை நடுவயதினர்க்கு நாளொன்றுக்கு 10 மில்லிகிராமில் தொடங்குவர். முதியவர்க்கு 5 மில்லிகிராமில் தொடங்குவர். செர்ட்ராலினை 50க்குப் பதிலாக 25 மில்லிகிராமில் தொடங்குவது வழக்கம். உச்ச அளவும் குறைவே. சிட்டலோபிராம் அளவு மிகுந்தால் இருதயத் துடிப்பின் ஒழுங்கு கெடலாம் என 2011இல் அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு நிர்வாகம் எச்சரித்தது. 60 வயதைக் கடந்தோர்க்கு நாளொன்றுக்கு 20 மில்லிகிராமுக்கு மேல் கூடாது என்று 2012இல் வரையறுத்தது. எஸ்சிட்டலோபிராம் 65 வயதுக்கு மேற்பட்டோர்க்கு 10 மில்லிகிராமைத் தாண்டலாகாது என்று பிரிட்டிஷ் நிர்வாகமும் 2011இல் அறிவித்தது. இத்தகைய மருந்துகளைக் கொடுக்குமுன் டாக்டர் இ.சி.ஜி. எடுக்கச் சொல்வது இதனாலேயே.

அளவுக்கு மிஞ்சினால் அமிர்தமும் நஞ்சு என்பர். அதேபோல் அளவுக்குக் குறைந்தால் மருந்தும் வெறுந்தண்ணீரே. தொடக்க அளவிலேயே மாதக்கணக்கில் நின்றுவிட்டு, “மாத்திரை பலிக்கவில்லை” என்று கைவிடுவதும் தவறு. குறித்த தேதியில் மீண்டும் சென்று காட்டினால்தான் டாக்டர் அளவைச் சரிப்படுத்த இயலும்.

எந்த மருந்துடன் எது?

முதியவர் ஒருவர் ஒரு மாத்திரையோடு நிற்பதில்லை. ரத்தக் கொதிப்புக்கு ஒன்று, சர்க்கரைக்கு இரண்டு, இருதயத்திற்கு ஒன்று, மூட்டுவலிக்கு ஒன்று என்று ஒரு பை நிறைய வைத்திருப்பார். இடர் பெரும்பாலும் இந்தப் பையில்தான் ஒளிந்திருக்கிறது.

முதலாவது, உப்புச் சத்துக் குறைவு. எஸ்சிட்டலோபிராம், செர்ட்ராலின், ஃபுளுவாக்ஸெடின் போன்றவை முதியோர் ரத்தத்தில் சோடியம் என்னும் உப்புச் சத்தைக் குறைக்கக்கூடும். சிறுநீரை மிகுவிக்கும் ரத்தக் கொதிப்பு மாத்திரையும் உடன் சேர்ந்தால் இந்த அபாயம் மிகும். தலைவலி, குமட்டல், தள்ளாட்டம், பேச்சில் குழப்பம் ஆகியவை அதன் குறிகள். மருந்து தொடங்கிய முதல் சில வாரங்களில் இவை தோன்றினால் உடனே ரத்தப் பரிசோதனைக்கு அழைத்துச் செல்லுங்கள். வீட்டிலேயே உப்புக் கரைசல் கொடுத்துக் காலம் கடத்த வேண்டாம்.

இரண்டாவது, ரத்தக் கசிவு. ஆஸ்பிரின், குளோபிடோக்ரெல், வார்ஃபரின், டைக்ளோஃபினாக் போன்ற வலி மாத்திரைகள் ஆகியவற்றோடு இவை சேர்ந்தால் வயிற்றில் ரத்தம் கசியலாம். மலம் கருநிறமாகப் போனால் தாமதம் கூடாது. டிரமடால் என்னும் வலி மாத்திரையோடு சேர்ந்தால் நடுக்கமும் வியர்வையும் மனக்குழப்பமும் உண்டாகலாம். மூட்டுவலிக்குக் கடையில் தாமாகவே மாத்திரை வாங்கும் பழக்கம் இதனால் இரட்டிப்பு ஆபத்தாகிறது.

மூன்றாவது, பழைய வகை மருந்துகள். 1957இல் சுவிட்சர்லாந்து நாட்டு டாக்டர் ரோலண்ட் கூன் இமிப்ரமினின் பயனை உலகுக்கு அறிவித்தார். அவ்வகையில் அமிட்ரிப்டிலினும் ஒன்று. நல்ல மருந்துகளே, ஆனால் முதியோர்க்கு வாய் வறட்சி, மலச்சிக்கல், சிறுநீர் அடைப்பு, மனக்குழப்பம், எழுந்தவுடன் தலைசுற்றல் ஆகியவற்றைத் தரவல்லவை. அமெரிக்க டாக்டர் மார்க் பியர்ஸ் 1991இல் தொடங்கிவைத்த, முதியோர் தவிர்க்கத்தக்க மருந்துகளின் பட்டியலில் இவையும் உள்ளன. சர்க்கரை வியாதியால் கால் எரிச்சலுற்றோர்க்கு அமிட்ரிப்டிலினைச் சிறு அளவில் கொடுப்பதுண்டு. அதனை ஒரு டாக்டர் கொடுத்திருக்க, அதை அறியாமல் மற்றொருவர் மனச்சோர்வுக்கு வேறொன்று கொடுத்தால், இரண்டும் உடலில் மோதும். ஆகவே மருந்துச் சீட்டை மட்டுமன்றி, வீட்டிலுள்ள எல்லா மாத்திரை அட்டைகளையும் ஒரு பையிலிட்டு ஒவ்வொரு முறையும் டாக்டரிடம் காட்டுங்கள்.

தூக்க மாத்திரையை மனச்சோர்வு மாத்திரை என்று மயங்குவோரும் உளர். அல்பிரசோலம் போன்றவை தூங்கவைக்குமேயன்றி நோயைத் தீர்ப்பதில்லை. முதியோர் கீழே விழவும், மறதி மிகவும், பழக்கத்திற்கு அடிமையாகவும் காரணமாகின்றன. நெடுநாள் உட்கொண்டவர் அவற்றையும் டாக்டர் சொற்படி சிறிது சிறிதாகவே குறைக்க வேண்டும்.

பொறுமையே பாதி மருந்து

விதைத்த மறுநாளே எந்த விவசாயியும் அறுவடைக்கு அரிவாள் தீட்டுவதில்லை. இம்மருந்திலும் குமட்டல், தலைவலி போன்ற தொல்லைகள் முதல் வாரத்திலேயே வரும். பெரும்பாலும் தாமே தணியும். பயனோ இரண்டு முதல் நான்கு வாரங்களில் தலைகாட்டும்; முதியோர்க்கு முழுப்பயன் தெரிய எட்டு வாரமும் அதற்கு மேலும் ஆகலாம். இடையில் மனம் தளர்ந்து நிறுத்துவோரே அதிகம்.

குணம் கண்டவுடன் நிறுத்துவது அடுத்த தவறு. குணமான பின்னும் குறைந்தது ஆறு மாதம், முதியோர்க்குப் பெரும்பாலும் ஓராண்டு அல்லது அதற்கு மேலும், அதே அளவைத் தொடரும்படி டாக்டர்கள் கூறுவர். நிறுத்தும்போதும் பல வாரங்களில் படிப்படியாகவே குறைத்தல் வேண்டும். திடீரென நிறுத்தினால் தலைசுற்றல், பதற்றம், தூக்கமின்மை தோன்றும்; நோயும் திரும்பலாம். ஒருவேளை மறந்தால் மறுநாள் இரண்டாகச் சேர்த்து உட்கொள்ளலாகாது. திருவிழாவுக்கோ கலியாணத்துக்கோ வெளியூர் செல்லுமுன் மாத்திரை கையிருப்பை எண்ணிப் பாருங்கள்.

மாத்திரை தொடங்கிய நாட்களிலும் அளவு உயர்த்திய நாட்களிலும் முதியவர் படுக்கையிலிருந்து மெதுவாக எழட்டும். கழிப்பறைக்குச் செல்லும் வழியில் இரவு முழுவதும் ஒரு விளக்கு எரியட்டும். இடுப்பு எலும்பு முறிந்த முதியவர் மீண்டும் முன்போல் நடப்பது அரிது.

பஞ்சாயத்து செய்யத்தக்கவை

மத்திய சர்க்கார் 1982இல் தேசிய மனநலத் திட்டத்தையும், அதன் வழியாக 1996இல் மாவட்ட மனநலத் திட்டத்தையும் தொடங்கின. நம் மாவட்டத்தில் விருதுநகர் அரசு மருத்துவக் கல்லூரி 2022 ஜனவரியில் திறக்கப்பெற்றது. மனநல ஆலோசனைக்கு 14416 என்னும் இலவசத் தொலைபேசி 2022 அக்டோபர் முதல் இயங்குகிறது. மக்களைத் தேடி மருத்துவம் திட்டம் 2021 ஆகஸ்டு 5ஆம் தேதி கிருஷ்ணகிரி மாவட்டத்தில் தொடங்கி மாநிலமெங்கும் பரவி, ரத்தக் கொதிப்பு, சர்க்கரை மாத்திரைகளை வீடு தேடிக் கொண்டுவருகிறது. அவ்வாறு வரும் தன்னார்வலரிடம், வீட்டு முதியவர் மனச்சோர்வு மாத்திரையும் உட்கொள்கிறார் என்று மறவாமல் சொல்லுங்கள்.

அங்கத்தினர்கள் தத்தம் வார்டில் தனித்து வாழும் முதியோர் யார் யார் என்று அறிந்து வைத்திருத்தல் நலம். மாதந்தோறும் மாத்திரை வாங்கிவரத் துணையற்றோர்க்கு ஒருவரை ஏற்பாடு செய்யலாம். மருந்துச் சீட்டின்றி இம்மாத்திரைகளை விற்பது சட்டத்திற்கு முரணானது என்பதையும் ஊரில் எடுத்துச் சொல்லலாம். மாத்திரைப் பெட்டியையும் பூச்சிமருந்தையும் பூட்டி வைப்பது ஒவ்வொரு வீட்டின் கடமையாகட்டும். சாவைப் பற்றி முதியவர் பேசினால் அதட்டாமல் கேளுங்கள். அவரைத் தனியே விடாமல் அன்றே ஆஸ்பத்திரிக்கு அழைத்துச் செல்லுங்கள்.

கணியம்பாடியில் கண்ட உண்மைக்கு இப்போது வருவோம். பேச்சுத் துணை உடையவரிடம் நோய் குறைவாக இருந்தது. அத்துணையை எந்தக் கடையிலும் வாங்க முடியாது. எந்த இலாகாவும் அனுப்பிவைக்க இயலாது. அதனை ஊர் மக்களே தரமுடியும். மாத்திரையின் அளவை டாக்டர் பார்த்துக்கொள்வார். அதனை வேளை தவறாமல் எடுத்துக் கொடுத்து, பக்கத்தில் அமர்ந்து பத்து நிமிடம் பேசுவது வீட்டாரின் பொறுப்பு. வீட்டார் இல்லாதவர்க்கு அப்பொறுப்பைப் பஞ்சாயத்து ஏற்கவேண்டும். இப்பணிக்கு உங்கள் முழு ஒத்துழைப்பையும் நல்குமாறு கேட்டுக்கொள்கிறோம்.